எட்வேட் விழாத சீசன்

செப்ரெம்பரில் நடந்த முதல் ஆட்டத்தில் எட்வேட் பந்தை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு எல்லைக் கோட்டைத் தாண்டினான். தாண்டியவன் நிற்கவில்லை, நவம்பர் வரைக்கும் ஓடினான். கனடாவின் ஸ்காபரோவில் இதைக் கண்ணால் கண்டவர்கள் எத்தனையோ பேர், ஆகையால் நம்பாதவர்களோடு நான் மல்லுக்கு நிற்கப் போவதில்லை. ரூஜ் பக்கத்துக் கல்லூரி ஒன்றின் ஃபுட்போல் ரீம் அது. காலால் உதைக்கிற ஃபுட்போல் அல்ல. முட்டை வடிவப் பந்தைக் கையில் வைத்துக்கொண்டு ஒருவன் ஓட, எதிரணி அவனை மோதி விழுத்துகிற விளையாட்டு. அமெரிக்காவில் பதினொரு பேர் ஆடுவார்கள், கனடாவில் பன்னிரண்டு. இடி இரண்டு நாட்டிலும் ஒரே இடிதான். எங்கள் பிள்ளைகள் வருடக்கணக்காகத் தோற்றுத் தோற்று, பார்க்க வருகிறவர்கள் சில தகப்பன்மாரும் நாயை உலாத்தக் கூட்டி வருகிறவர்களும் என்று ஆகியிருந்த காலம் அது.

காரணத்தைச் சொன்னால் சிரிப்பீர்கள். எட்வேட்டின் தாய் மெற்றில்டா முதியோர் இல்லத்தில் வேலை செய்பவர். முந்தின வருடம் நாலு தடியன்கள் சேர்ந்து மகனை விழுத்தி, தோள்மூட்டு விலகி, ஆஸ்பத்திரிக் கட்டிலில் அவன் பல்லைக் கடித்துக்கொண்டு கிடந்ததைப் பார்த்த நாளிலிருந்து அவருக்கு நித்திரை போய்விட்டது. விளையாட்டை விடு என்று கெஞ்சிப் பார்த்தார். தகப்பன் றெமிஜியஸோ மகன் பக்கம். கடைசியில் ஒரு செவ்வாய்க்கிழமை கோயிலுக்குப் போய், அந்தோனியாருக்கு மெழுகுதிரி கொளுத்தி, என்ர பிள்ளையை ஒருத்தரும் விழுத்தக்கூடாது என்று நேர்த்தி வைத்தார். எங்கள் சனத்துக்கு நேர்த்தி வைக்கத் தெரியும், அளவு வைக்கத் தெரியாது. எலும்பு முறியாமல் பாரும் என்று கேட்டிருக்கலாம், இந்த சீசனுக்கு மட்டும் என்று சொல்லியிருக்கலாம். ஒருத்தரும் என்றார், புனிதரும் சொன்னது சொன்னபடி செய்துவிட்டார். அதுவரை எட்வேட்டின் ஓட்டமெல்லாம் யாராவது விழுத்தித்தான் முடிந்திருந்தது. தானாக நிற்பது அவனுடைய கால்களுக்குப் பழக்கமில்லை.

வேலியைத் தாண்டி, பார்க்கிங் லொட்டைத் தாண்டி, ஷெப்பேர்ட் வீதியில் ஏறி மேற்கே ஓடினான். சிவப்பு விளக்கு ஒன்றும் அவனுக்கு விழவில்லை. அஜின்கோர்ட்டில் கடைக்காரர்கள் றோல்ஸையும் தண்ணீர்ப் போத்தலையும் நீட்ட, ஓடியபடியே வாங்கிக்கொண்டு தாங்ஸ் அன்ரி, தாங்ஸ் அங்கிள் என்று சொல்லிப் போனான். வளர்ப்பைக் குறை சொல்ல முடியாது. சென் ஜேம்ஸ் ரவுணில் பல்கனிகளில் காயப்போட்ட உடுப்புகளுக்கு நடுவே நின்று சனம் கை காட்டியது. பொலிஸ் கார் ஒன்று ஒரு நாள் முழுக்க அவன் பின்னால் ஊர்ந்து, ஓடுவது குற்றமில்லை என்ற முடிவோடு திரும்பியது. பிடிக்கப் பாய்ந்தவர்களின் கைகளில் காற்றுத்தான் அகப்பட்டது. ரீமின் கோச் பாய்ந்து புல்லைக் கட்டிப்பிடித்துக்கொண்டு கிடந்தார். சனிக்கிழமைகளில் மட்டும், நகரத்தின் எந்த மூலையில் இருந்தாலும், ஆட்டம் நடக்கும் மைதானத்துக்குக் குறுக்கே ஒரு தடவை ஓடி மறைவான்.

இந்த லட்சணத்தில் ரீம் வெல்லத் தொடங்கியது. அவனுடைய இடத்தை வெறுமையாக விட்டுப் பதினொரு பேர் ஆடினார்கள். எந்த நேரம் வந்து புகுவானோ என்று எதிரணியில் இரண்டு மூன்று பேர் அந்த வெறும் இடத்தையே காவல் காத்தார்கள். மற்றப் பக்கத்தால் எங்கள் பிள்ளைகள் போய்விடுவார்கள். ஒக்ரோபரில் இருக்க இடமில்லாத கூட்டம். ஒருவர் மேளம் கொண்டு வந்தார், இன்னொருவர் வடைக்கடை போட்டார். மகனின் இலக்கம் போட்ட ரீசேட்டோடு றெமிஜியஸ் முன் வரிசையில் இருந்தார். பிள்ளை சுகமாகத்தானே ஓடுகிறான், கோப்பையை எடுக்கட்டும், பிறகு பார்ப்போம் என்பதே ஊர்க்கருத்து.

மெற்றில்டா மட்டும் வேலை முடிந்து பஸ் தரிப்பில் நின்று மகனுக்காகக் காத்திருப்பார். ஒரு பின்னேரம் அவன் பக்கத்தால் போகும்போது, "மகன், நில்லடா!" என்று கத்தினார். "ஏலாதம்மா, I can't," என்றது குரல். அப்போதுதான் முகத்தைப் பார்த்தார். கண்கள் மூடியிருந்தன. பிள்ளை நித்திரையில் ஓடிக்கொண்டிருந்தான், கேட்டதற்கு நித்திரையிலேயே பதில் சொல்லியிருந்தான். அன்று வீட்டில் அவர் போட்ட சத்தம் தெருவுக்கே கேட்டது. "கோப்பையைக் கொண்டந்து மேசையில வைச்சு, அதுக்கு நீங்கள் சோறு போடுங்கோ!" என்றார் றெமிஜியஸிடம். கோயிலுக்குப் போய் நேர்த்தியைத் திருப்பித் தரும்படி மன்றாடினார். அந்தோனியார் கொடுத்ததைத் திருப்பி வாங்குகிறவர் அல்ல.

பிறகு பக்கத்து வீட்டு அதாஉல்லாவின் மகன் ஸாஹித்திடம் போனார். அவனும் அதே ரீம்தான். எதிரணிக்காரரை விழுத்துவதே அவனுடைய வேலை.

"தம்பி, ஆளை விழுத்துறது எப்பிடியெண்டு எனக்குக் காட்டு. நேர்த்தி வைச்சவள் நான். முறிக்கிறதெண்டாலும் நான்தான் முறிக்கோணும்."

ஸாஹித் சிரிக்கத் தொடங்கி, அவருடைய முகத்தைப் பார்த்து நிறுத்திக்கொண்டான். எட்வேட் விழுந்தால் சீசனும் விழும் என்பது அவனுக்குத் தெரியும். தெரிந்தும், கராஜில் அரிசி மூட்டை ஒன்றை நிமிர்த்தி வைத்தான்.

"கையால பிடிக்க வேணாம் அன்ரி. தோளைக் குடுங்க. Head up. இடிக்கக்குள்ள கண்ணை மட்டும் மூடிடாதீங்க."

அரிசி கராஜ் முழுக்கச் சிந்தியது. மெற்றில்டாவின் தோள் நீலம் பாரித்தது. அந்தத் தோளோடுதான் வேலைக்குப் போய் வயோதிபர்களைக் கட்டிலிலிருந்து தூக்கி இருத்தினார்.

இறுதியாட்டம் நவம்பரில், லேசாகப் பனி கொட்டிக்கொண்டிருந்த ஒரு சனிக்கிழமை. எங்கள் ரீம் இரண்டு புள்ளி முன்னால் நின்றது, கடைசி நிமிடம், ஆட்டப் பந்து எதிரணியிடம். வடக்கு வேலிப் பக்கம் எட்வேட் தெரிந்தான். மெற்றில்டா கோட்டைக் கழற்றினார். றெமிஜியஸ் கையைப் பிடித்து, "ஒரு நிமிசம் பொறுமப்பா, எல்லாம் முடிஞ்சிடும்," என்றார். "ஒரு நிமிசத்தில அவன் எங்க ஓடியிருப்பான்?" என்று கேட்டுக் கையை உதறிவிட்டு மைதானத்துக்குள் இறங்கி ஓடினார். தலையை நிமிர்த்தி, தோளைக் கொடுத்து, கண்ணை மூடாமல் இடித்தார். மகன் விழுந்தான். தாய் அவன்மேல் விழுந்தார். பந்து எங்கேயோ உருண்டு போனது.

வெளியாள் உள்ளே வந்ததற்கு நடுவர் எங்கள் ரீமைப் பதினைந்து யார் தூரம் பின்னால் தள்ளினார். அங்கிருந்து எதிரணி கம்பங்களுக்கு நடுவே பந்தை உதைத்து மூன்று புள்ளி எடுத்தது. ஒரு புள்ளியால் கோப்பை போயிற்று. ஓரிருவர் வாய்க்குள் திட்டினார்கள், மேளக்காரர் மேளத்தை உறையில் போட்டார். றெமிஜியஸ் கோப்பையைத் திரும்பியும் பார்க்கவில்லை. பனியில் வழுக்கி வழுக்கி மகனிடம் ஓடினார். எட்வேட் கண்ணைத் திறந்தான்.

"அம்மா, நோகுது. எல்லா இடமும் நோகுது."

"நோகட்டும் ராசா, நோகட்டும். அப்பிடியே கிட," என்றார் மெற்றில்டா, பிடியை விடாமல்.

அடுத்த வருடமும் எட்வேட் ஆடினான். ரீம் பழையபடி தோற்றது. மெற்றில்டா ஓர் ஆட்டமும் தவறவிடுவதில்லை. மகன் பந்தோடு ஓடத் தொடங்கினால் எழுந்து நிற்பார், வாய்க்குள் போட்ட கச்சான் கடலையை மெல்லமாட்டார். எதிரணித் தடியன்கள் இரண்டு பேர் அவனை மோதிப் புல்லில் சாய்த்த பிறகுதான் உட்காருவார். "அப்பாடா, விழுந்திட்டான்," என்பார் பக்கத்தில் இருப்பவர்களிடம். அவர்களும், ஓம், நல்லா விழுந்திட்டான் என்பார்கள்.