கம்பிமேல் நடந்தவர்

"ஒங்க பூட்டன் கம்பால குத்தித்தான் எங்க பூட்டனை ஏத்தியிருக்காரு. ஊரே பாத்துச்சு." கோயில் வாசலில் நின்று அழகையா கத்தினார்.

"நூறு வருசத்துக்கு முந்தி குத்துனதுக்கு இப்ப எம் மக கல்யாணத்த நிப்பாட்டுவீங்களா, சம்பந்தி?" தயாபரனின் குரலும் இறங்கவில்லை.

"சம்பந்தியா? அந்தப் பேச்ச விடுங்க."

இத்தனைக்கும் படத்தைப் போடச் சொன்னது அழகையாவேதான். வெள்ளைக்கார ராஜா முடிசூடிய கொண்டாட்டத்தில், தேயிலைக் கொழுந்து மூட்டை இறக்கும் கம்பிமேல் பள்ளத்தை நடந்தே கடந்தவர் அவருடைய பூட்டன். அதற்காகத்தான் எங்கள் தோட்டத்துத் திருவிழாவில் அந்தக் குடும்பத்துக்கு முதல் மரியாதை. மாலை விழுந்ததும் அழகையா நெஞ்சை நிமிர்த்துவதைப் பார்த்துப் பார்த்து எங்களுக்கே கழுத்து வலிக்கும். அந்தக் காலத்து ஊமைப் படத்தை இணையத்தில் யாரோ ஏற்றியிருப்பதாக மகன் ரஜீவ் சொன்னதும், "பொண்ணு வீட்டுக்காரங்களும் பாக்கட்டும்" என்று கோயில் சுவரில் வேட்டியைத் திரையாகக் கட்டி ஊரைக் கூட்டினார். நான் நேரத்தோடு போய் முன்னால் பாய் விரித்துவிட்டேன்.

தோரணம், கொடி, தொப்பி போட்ட துரைமார், சத்தமில்லாமல் அடிபடும் தப்பு மேளம். பிறகு பூட்டன் வந்தார். கைதட்டினோம். ஏணியடியில் அவர் கும்பிட்டார். எங்களைத்தான் என்று நினைத்தோம். கும்பிட்டது, பக்கத்தில் கோட்டுப் போட்டு நின்ற, கூலிகளை மேய்க்கும் பெரிய கங்காணியை. அதே கோட்டும் தலைப்பாகையும் தயாபரன் வீட்டுச் சுவரில் படமாகத் தொங்குகின்றன. பூட்டன் அவர் காலில் விழுந்தார். முதுகில் கங்காணியின் கம்பு இடித்தது. ஏறினார். கம்பிமேல் கால் நடுங்க நடுங்கப் போனார், துரைமார் சிரித்தார்கள். பூட்டனின் வாய் மட்டும் அசைந்துகொண்டே இருந்தது.

"என்னடா சொல்றாரு?"

"சத்தம் இல்லப்பா படத்துல."

"திருப்பிப் போடு."

அழகையா திருப்பித் திருப்பிப் போடவைத்தார். அப்புறந்தான் இந்தச் சண்டை.

அழகையா கல்யாணம் இல்லையென்றபோது, ரஜீவ் ஏதாவது சொல்வான் என்று தயாபரனின் மகள் தயானி அவன் முகத்தையே பார்த்தாள். அவன் கம்பியூட்டர் வயரைச் சுருட்டிக்கொண்டிருந்தான்.

அடுத்த திருவிழாவில் மாலை வாங்க அழகையா வரவில்லை. தயானியைப் பெரகலயில் ஒரு கடைக்காரருக்குக் கட்டிக்கொடுத்தார்கள். தங்கமான மனுசன், குறை சொல்ல எனக்கே ஒன்றும் அகப்படவில்லை. ரஜீவ் கொழும்புக்குப் போய்விட்டான். போன தீபாவளிக்கு அவன் வந்த பஸ்ஸில்தான் நானும் வந்தேன். பெரகலயில் தேத்தண்ணிக்கு நிறுத்தினார்கள். எல்லோரும் இறங்கினோம், அவன் இறங்கவில்லை. எதிர்க் கடை வாசலில், இடுப்பில் பிள்ளையோடு தயானி பஸ்ஸை முன்னாலிருந்து கடைசிவரை பார்த்துக்கொண்டு நின்றாள். கண்ணாடியெல்லாம் பனி மூடிக் கிடந்தது.