பதினோரு மைல்

டல்லி ஊர்ப் பள்ளி லீக்கை விட்டு விலகிய மறு திங்கட்கிழமை, வெல்டனுக்கும் கிம்மலுக்கும் நடுவே இருந்த பதினோரு மைல் சாலை பதினான்கு மைலாக இருந்தது. முதலில் கண்டவர் வெல்டன் பள்ளிப் பேருந்தை ஓட்டிய மெர்ல் ஸ்டட்ஸ்மன். மைல் மீட்டர் கெட்டுவிட்டது என்று நினைத்து அதைக் கழற்றிப் பார்த்தார், நன்றாகத்தான் இருந்தது. கவுண்டி சர்வேயர் சங்கிலியோடு வந்து இரண்டு நாள் அளந்து, பதினான்குதான் என்று எழுதிக் கையெழுத்துப் போட்டு, பழைய அளவு தப்பாக இருந்திருக்கும் என்று சொல்லிவிட்டுப் போனார். புதிதாக வந்த மூன்று மைலிலும் புல் இருந்தது, வேலி இருந்தது, வேலிமேல் குருவிகூட உட்கார்ந்திருந்தது. வீடு மட்டும் இல்லை. அந்த நிலம் யாருடையது என்று யாரும் கேட்கவில்லை. இது நடந்தது 1957 வசந்தத்தில், நெப்ராஸ்காவின் தென்மேற்கு மூலையில்.

பிரைரி ஃபோர்க் பள்ளத்தாக்கு உயர்நிலைப் பள்ளி விளையாட்டுச் சங்கம் என்பது காகிதத்தில் இருந்த பெயர். எல்லோரும் சொன்னது எட்டூர் லீக். 1926-ல் எட்டுச் சிற்றூர்கள் சேர்ந்து, குளிர்காலம் முழுக்க ஒருவர் ஊரில் ஒருவர் கூடைப்பந்து ஆடுவது என்று முடிவு செய்தன. பிள்ளைகள் ஆடினார்கள், பெரியவர்கள் கத்தினார்கள், அடுத்த வருடம் இரண்டு மூன்று கல்யாணம் நடந்தது. வெல்டன் பள்ளி அலுவலகத்தில் தட்டச்சு செய்துகொண்டிருந்த வெர்லா கெல்லர்மனின் தங்கை ஆர்டிஸும் அப்படித்தான் போனாள். 1961 இறுதிப் போட்டியில் கிம்மலின் நெட்டைப் பையன் கார்டன் வெல்டனுக்கு எதிராகக் கடைசி நொடியில் பந்தைக் கூடைக்குள் போட்டான். அரங்கத்தில் வெல்டன் பக்கம் இருந்து கைதட்டியவள் ஆர்டிஸ் ஒருத்திதான். அடுத்த ஜூனில் அவள் கிம்மல்காரி ஆனாள். பதினான்கு மைல்தானே என்று வெர்லா தன்னைத் தேற்றிக்கொண்டாள். அதற்கடுத்த வருடம் லீக்கின் செயலாளர் பொறுப்பும் அவள் கைக்கு வந்தது, பிறகு அதை ஒப்படைக்க வேறு ஆளே கிடைக்கவில்லை.

அந்தப் பக்கத்து மனிதர்களுக்கு ஒரு வழக்கம் உண்டு. கிளம்புகிறவரைப் போகாதே என்று சொல்லவே மாட்டார்கள். சொன்னால் அவரைச் சங்கடப்படுத்தியதாகிவிடும். "உங்களப் பிடிச்சு வைக்கல" என்று தாங்களே முந்திக்கொண்டு சொல்லி, கதவைத் திறந்துவிட்டு, பிறகு வாசலில் நின்று ஒரு மணி நேரம் பேசுவார்கள். மகன் போருக்குப் போனாலும், மனைவி பெட்டியைக் கட்டினாலும் இதே சொல்தான். லீக்கின் விதிப் புத்தகத்தில், விலக விரும்பும் பள்ளிக்கு ஓர் உறுப்பினர் எதிர்ப்புத் தெரிவித்தாலும் அது ஒரு வருடம் பொறுத்திருக்க வேண்டும் என்று எழுதியிருந்தது. செயலாளருக்கும் அதில் ஓர் ஓட்டு உண்டு. புத்தகம் இருந்த காலம் முழுக்க யாரும் எதிர்த்ததில்லை. பிள்ளைகள் குறைந்து மூடும் பள்ளி, பக்கத்துப் பள்ளியோடு இணையும் பள்ளி, தெற்கே பெரிய லீக்குக்குப் போகும் பள்ளி, எதுவானாலும் அதன் தலைமையாசிரியர் ஏப்ரல் கூட்டத்துக்கு ஒரு கேக்கோடு வருவார். வெல்டன் பள்ளிச் சாப்பாட்டுக் கூடத்தில் ஹாம் சாண்ட்விச்சும் காபியும் இருக்கும். வெர்லா எழுந்து, "எதிர்க்கிறவங்க யாராவது?" என்று கேட்பாள். எல்லோரும் தட்டைப் பார்ப்பார்கள். எதிர்ப்பு இல்லை, நன்றியுடன் விடைகொடுக்கப்பட்டது என்று மினிட்ஸ் புத்தகத்தில் எழுதுவாள். பிறகு கேக்கை வெட்டுவார்கள்.

1968-ல் ஆர்ம்ஸ்பி போனது, சாலை இருபத்து மூன்று மைல் ஆனது. 1974-ல் லோடெல் பள்ளியும் ஃப்ரிக் பள்ளியும் ஒன்றாக இணைந்து ஒற்றைப் பள்ளியாகி, யார் பெயர் முதலில் வருவது என்று ஒன்பது மாதம் சண்டை போட்டன. சாலை முப்பத்தெட்டு. மெர்ல் ஒவ்வொரு முறையும் மீட்டரைப் பார்த்துச் சொல்ல, வெர்லா அதை மினிட்ஸ் புத்தகத்தின் ஓரத்தில் பென்சிலால் குறித்துவைத்தாள். காரணம் இன்னதென்று அவளுக்குத் தெரிந்துவிட்டது. மற்றவர்களுக்கும் தெரிந்துதான் இருக்கும், பேசுவது நாகரிகமில்லை என்று விட்டுவிட்டார்கள். சுற்று வழியாகப் போனவர்களும் இருந்தார்கள். டென்வர் வழியாகப் போனாலும், விமானத்தில் போனாலும், கிம்மல் போகிற வெல்டன்காரர் அந்தக் கூடுதல் மைல்களைத் தன்னோடு கொண்டுபோனார்.

வெர்லா சும்மா இருக்கவில்லை. முப்பத்தோரு பள்ளிகளுக்கு, எங்கள் லீக்கில் சேருங்கள் என்று கடிதம் போட்டாள். முப்பது பள்ளிகள், எங்களை நினைத்துப் பார்த்ததற்கு நன்றி என்று பதில் போட்டன. 1979-ல் ஒரு மாதா கோயில் பள்ளி மட்டும் சேர்ந்தது. உடனே சாலை ஆறு மைல் சுருங்கியது. போன மைல்கள் நான்கு தந்திக் கம்பங்களையும் யாருடையதோ ஒரு பசுவையும் கொண்டுபோயின. அந்தப் பள்ளி லீக்கில் இருந்த மூன்று வருடம் வெர்லா சந்தோஷமாக இருந்தாள் என்று சொல்லலாம். ஞாயிறுதோறும் கிம்மல் போய் ஆர்டிஸின் சமையலறையில் உட்கார்ந்து, கார்டனை 'திருடன்' என்று கூப்பிட்டுக்கொண்டே அவன் வறுத்த கோழியைத் தின்றாள். மூன்றாம் வருட முடிவில் பாதிரியார் எலுமிச்சை கேக்கோடு வந்தார். வெர்லா எழுந்து கேட்டாள். எல்லோரும் தட்டைப் பார்த்தார்கள், அவளும் பார்த்தாள்.

1985-ல் தொண்ணூறு மைல். 1996-ல் இருநூற்றுப் பத்து. வெள்ளிக்கிழமை மாலை ஆட்டத்துக்குப் பேருந்து விடியுமுன்பே கிளம்பியது. பிள்ளைகள் தலையணையோடு ஏறினார்கள், கணக்கு வாத்தியார் பேருந்திலேயே பரீட்சை வைத்தார். மெர்ல் ஓய்வு பெற்று, அவர் மகன் ஓட்டினான். கார்டனின் இறுதிச் சடங்குக்கு வெர்லா போய்ச் சேர்ந்தபோது மண் போட்டு முடித்திருந்தார்கள். அதன்பிறகு அக்காவும் தங்கையும் செவ்வாய்க்கிழமை மாலை நான்கு மணிக்குத் தொலைபேசியில் பேசிக்கொள்வது என்று வைத்துக்கொண்டார்கள். 2003-ல் ஹாஸ்கின்ஸும் போய், லீக்கில் வெல்டனும் கிம்மலும் மட்டும் மிஞ்சின. அறுநூற்று நாற்பது மைல். ஒரு குரல் போய்ச் சேர இருபது நிமிடம் ஆனது. வெர்லா ஒரு கேள்வி கேட்டுவிட்டு, போனை மேசைமேல் வைத்துவிட்டு, இஸ்திரி போடுவாள். பதில் வரும்போது ஓடிவந்து எடுப்பாள். இருவருக்கும் அது பழகிப்போனது.

2009 ஏப்ரலில் கிம்மல் விலக விண்ணப்பித்தது. அதன் தலைமையாசிரியர் ட்ராய் ஹென்ஷா, முப்பது வயதுக்காரர், ஒரு நாள் முழுக்கக் காரோட்டி வந்திருந்தார். கையில் ரூபார்ப் தண்டு போட்ட கேக். நீலக் கோடு போட்ட தட்டைப் பார்த்ததுமே அது யார் வீட்டுத் தட்டு என்று வெர்லாவுக்குத் தெரிந்தது. அவள் அம்மாவின் தட்டு அது.

"உங்க தங்கச்சிதான் குடுத்து விட்டாங்க, மிஸ் கெல்லர்மன்," என்றார் அவர்.

"எதாவது சொன்னாளா?"

அவர் காது சிவந்தது. "கேக்கு நல்லா வந்திருக்குன்னு சொன்னாங்க."

கூட்டத்தில் இருந்தது மூன்று பேர். வெல்டன் தலைமையாசிரியர், கிம்மல் தலைமையாசிரியர், வெர்லா. அவளுக்கு எழுபத்திரண்டு வயது. நாற்பத்தாறு வருடமாகக் கேட்ட கேள்வியைக் கேட்டாள். நான் எதிர்க்கிறேன் என்ற சொல் நாக்கு நுனிவரை வந்து நின்றது. அது உண்மை, அதில் சந்தேகம் வேண்டாம். ஆனால் எதிரே அந்த ஆள் தூக்கமில்லாத கண்ணோடு உட்கார்ந்திருந்தார், அவருக்குத் திரும்பிப் போக வேண்டிய தூரமும் இருந்தது. இவரைப் போய்ச் சங்கடப்படுத்துவதா என்று நினைத்தாள். "உங்களப் பிடிச்சு வைக்கல, தம்பி," என்றாள். எதிர்ப்பு இல்லை என்று எழுதினாள். கேக் ருசியாக இருந்தது, மூன்று பேரும் ஒரு துண்டு விடாமல் தின்றார்கள். தட்டைக் கழுவிக் கொடுத்தனுப்பினாள்.

திங்கட்கிழமை சாலையை அளக்க யாரும் போகவில்லை. வெர்லா மட்டும் காரில் ஆறு பெட்ரோல் கேன்களை ஏற்றிக்கொண்டு கிளம்பினாள். இரண்டரை நாள் ஓட்டினாள். புல், வேலி, குருவி. மூன்றாவது கேன் தீர்ந்தபோது திரும்பினாள். வீடு வந்து சேர்ந்தபின் வந்த செவ்வாய் நான்கு மணிக்குப் போனை எடுத்து, "ஆர்டிஸ், நான் கெளம்பி வரட்டுமா? ஒனக்குத் தொந்தரவா இருக்குமோ என்னமோ," என்று கேட்டுவிட்டு, மேசைமேல் வைத்துவிட்டு இஸ்திரி போட்டாள். துணி தீர்ந்தது. பதில் வரவில்லை. அடுத்த செவ்வாயும் வரவில்லை. இரண்டு வருடம் ஒவ்வொரு செவ்வாயும் அவள் பேசினாள், மறுமுனையில் காற்று அடிக்கும் சத்தம் மட்டும் கேட்டது.

லீக் கலையவில்லை. கலைக்க இரண்டு உறுப்பினர் வேண்டும் என்று விதி இருந்தது, இருந்ததோ வெல்டன் ஒன்றுதான். வெல்டன் பிள்ளைகள் ஐந்து ஐந்து பேராகப் பிரிந்து தங்களோடு தாங்களே ஆடினார்கள். வருடா வருடம் வெல்டன் முதலிடம் வந்தது, கடைசி இடமும் அதற்கே. அட்டவணையை வெர்லா தட்டச்சு செய்து தகவல் பலகையில் ஒட்டினாள்.

2011 ஏப்ரலில் ஒரு செவ்வாய், போனில் ஆர்டிஸின் குரல் வந்தது. இரண்டு வருடத்துக்கு முந்தைய குரல். மழை இல்லை என்றது, முட்டி வலி என்றது, என்ன சத்தத்தையே காணோம் என்று கோபித்துக்கொண்டது. வெர்லா அழுதுகொண்டே எல்லாவற்றுக்கும் பதில் சொன்னாள். அந்த அக்டோபரில் போர்ட்லண்டிலிருந்து ஆர்டிஸின் மகன் கூப்பிட்டான். அவன் குரல் உடனே வந்தது.

"அம்மா போயிட்டாங்க, பெரியம்மா. தூக்கத்துலயே."

"என்னைக் கேட்டாளா?"

"செவ்வாக்கெழம செவ்வாக்கெழம போனைக் காதுல வச்சுட்டு உக்காந்திருப்பாங்க. வேற ஒண்ணும் சொல்லல."

மறு செவ்வாய் நான்கு மணிக்கு ஆர்டிஸ் வழக்கம்போலப் போனில் வந்து, 2009-ம் வருட இலையுதிர் காலத்தைப் பற்றிப் பேசினாள். வெல்டனில் இதை யாரும் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. செவ்வாய் நான்கிலிருந்து ஐந்துவரை மிஸ் கெல்லர்மன் எண்ணுக்குக் கூப்பிடக் கூடாது, லைன் பிஸியாக இருக்கும், அவ்வளவுதான்.

2009-ல் வெர்லா கேட்ட கேள்விக்குப் பதில் 2013 ஏப்ரலில் வந்தது. "வரட்டுமான்னு கேக்கறியே, இது ஒரு கேள்வியா அக்கா? வந்து தொலைய வேண்டியதுதானே. அந்த ட்ராய் தம்பி கேக்கை எடுத்துட்டுக் கெளம்பும்போது நான் என்ன சொன்னேன் தெரியுமா? தம்பி, எங்கக்கா கை தூக்கிடுவா, கேக்கை வெட்டாம அப்பிடியே திருப்பிக் கொண்டுவாங்க, நானே தின்னுக்கறேன்னு சொன்னேன். அதை அவரு ஒங்கிட்டச் சொன்னாரோ இல்லியோ. தட்டு வந்துச்சுக்கா. நல்லாக் கழுவியிருந்த."

பிறகும் ஆறு மாதம் குரல் வந்தது. அக்டோபரில் வந்த கடைசி செவ்வாயில் ஆர்டிஸ் ஸ்வெட்டர் பின்னுவதைப் பற்றிச் சொல்லிவிட்டு, கொட்டாவி விட்டு, "சரிக்கா, ஒன்னப் பிடிச்சு வைக்கல," என்றாள். வெர்லா போனுக்குள் கத்தினாள். "பிடிச்சு வையிடி. வச்சிடாத. போகாத." எழுபத்தாறு வருடத்தில் அவள் ஒருவரிடம் அந்தச் சொல்லைச் சொன்னது அதுதான் முதல் தடவை. அது போய்ச் சேர இரண்டு வருடம் ஆகும் என்பதும், அங்கே கேட்க ஆள் இல்லை என்பதும் அவளுக்குத் தெரியும்.

அடுத்த ஏப்ரலில் வெல்டன் பள்ளியே மூட விண்ணப்பித்தது, ஒன்பது பிள்ளைகள்தான் இருந்தார்கள். தலைமையாசிரியர் சாக்லேட் கேக் கொண்டுவந்தார். வெர்லா கேள்வியைக் கேட்டு, தானே கை தூக்கி, "நான் எதிர்க்கிறேன்," என்றாள். தலைமையாசிரியர் வெட்கத்தில் எங்கே பார்ப்பதென்று தெரியாமல் கேக்கைப் பார்த்தார். கேக் வெட்டப்படாமல் வீட்டுக்குப் போனது. சாலை ஒரு கஜம்கூடக் குறையவில்லை. வருடா வருடம் அவள் கை தூக்கினாள். பிள்ளைகளெல்லாம் வேறு ஊர்ப் பள்ளிகளுக்குப் போய்விட்ட பிறகும், வெல்டன் பள்ளி காகிதத்தில் விலகாமல் இருந்தது.

கிம்மலில் ஆர்டிஸின் வீட்டை வாங்கியவர்கள் ஓர் இளம் தம்பதி. 2015 அக்டோபரில் ஒரு செவ்வாய் நான்கு மணிக்கு, சுவரில் இருந்த பழைய போன் அடித்தது. மனைவி ஷானா எடுத்தாள். ஒரு கிழவியின் குரல், வச்சிடாதே, போகாதே என்று கத்தியது. அந்தப் பக்கத்துப் பெண், எப்படி வைப்பாள்? அன்றிலிருந்து செவ்வாய்தோறும் எடுத்துக் காதில் வைத்துக்கொண்டு கேட்டாள். நீங்கள் தேடும் ஆள் இல்லை என்று சொல்வது முறையில்லை என்று பட்டது, அதனால் ஒன்றும் பேசவில்லை. முட்டி வலி, மழை, ஒருத்தருமே ஆடாத ஆட்டங்களின் அட்டவணை, எல்லாம் கேட்டாள். 2017 மே மாதம் ஆர்டிஸின் அக்கா வெர்லா இறந்ததாகப் பேப்பரில் வந்ததை ஷானா பார்த்தாள், அது யார் குரல் என்று அப்போதுதான் தெரிந்தது. அடுத்த செவ்வாயும் போன் அடித்தது, அவளும் எடுத்தாள்.

2019 மே மாதத்தில் வந்த குரல் மிகவும் மெலிந்திருந்தது. "இந்தத் தடவையும் கை தூக்கிட்டேன்டி. கேக்கைத் திருப்பி அனுப்பிட்டேன். மூச்சு வாங்குது, நாளைக்கு டாக்டர்கிட்டப் போகணும். நீ இரு. வச்சிடாத," என்றது. பிறகு காற்று அடிக்கும் சத்தம்தான். ஷானா போனை மறு காதுக்கு மாற்றினாள். வீட்டில் வேறு யாரும் இல்லை என்பதை ஒரு தடவை திரும்பிப் பார்த்துக்கொண்டு, "வைக்கல, சொல்லுங்கக்கா," என்றாள்.

இப்போதும் செவ்வாய் நான்கு மணிக்கு அவள் போனை எடுத்து மேசைமேல் வைக்கிறாள். அந்த ஒரு மணி நேரத்தில் இஸ்திரி போடுகிறாள்.