மோசஸ் சுட்டவர்களில் அப்பா யார்

அப்பா ஒரு படத்தில் நடித்திருக்கிறார் என்பது போன மாதம்தான் எங்களுக்குத் தெரிய வந்தது. சொன்னவர் தம்பித்துரை மாமா. ஜெர்மனியில், கெல்சென்கிர்ச்சன் அகதி முகாமில் அப்பாவோடு ஒரே அறையில் இருந்தவர்.

"பிள்ளை, எங்கட படத்தைத் திரும்பப் போடுறாங்களாம். கொப்பரும் நானும் அதிலை செத்தனாங்கள்" என்றார் தொலைபேசியில்.

இத்தனை வருடம் ஏன் வாய் திறக்கவில்லை என்று கேட்டேன்.

"அதெல்லாம் ஒரு படமெண்டு ஆர் நினைச்சது."

நான் நடை பழகுவதற்கு முன்பே அப்பா இறந்துவிட்டார். கலியாண வீடியோ கசெட் நிலவறைக்குள் வந்த வெள்ளத்தில் போய்விட்டது. மிஞ்சியவை புகைப்படங்கள்தான். அப்பா நடந்து, திரும்பி, சிரித்து நான் பார்த்ததே இல்லை. ஒரே ஒரு தடவை பார்த்துவிட்டால் போதும் என்று அம்மாவையும் கூட்டிக்கொண்டு ஸ்டுட்கார்ட்டிலிருந்து கெல்சென்கிர்ச்சனுக்கு ரயிலேறினேன். அம்மா பட்டுச்சேலை உடுத்தி வந்தார். தம்பித்துரை மாமா வாசலில் காத்து நின்றார். படம் போட்ட சின்னத் தியேட்டரில் மற்ற எல்லோர் கையிலும் பியர் போத்தல்.

படத்தின் பெயர் 'மோசஸ் திரும்பி வருகிறான்'. இரண்டாம் பாகம். முதல் பாகம் அமெரிக்காவில் எடுத்தது. மோசஸ் என்ற கறுப்பினத் துப்பறிவாளன் தன் தெருவைக் கெடுக்கும் போதைக் கும்பலை அடித்து நொறுக்குவான். இரண்டாவதை எடுக்கும்போது கையில் காசில்லை. அந்த மாதிரிப் படங்களின் காலமும் எப்போதோ முடிந்துவிட்டது. ஆகவே ஜெர்மனிக்கு வந்து கெல்சென்கிர்ச்சனையே டிட்ராய்ட் என்று காட்டிவிட்டார்கள். பழைய கதாநாயகன் வர மறுத்ததால் இங்கிருந்த அமெரிக்கப் படைமுகாமில் ஒரு கறுப்பினச் சார்ஜன்ட்டைப் பிடித்து மோசஸ் ஆக்கினார்கள். இதில் வில்லன்களாக வரும் ஜமேக்காக் கும்பலுக்கும் ஆள் வேண்டுமே. டைரக்டர் நேரே அகதி முகாமுக்குப் போய் எங்கள் தமிழ் ஆட்களை பஸ்ஸில் ஏற்றிக்கொண்டு வந்தார். நிறம் கறுப்பென்றால் போதும், யாராயிருந்தால் என்ன என்ற நினைப்பு. இதைக் கேட்டபோது எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. படம் ஓடத் தொடங்கியதும் அந்தக் கோபத்தைப் பிடித்து வைத்திருக்க முடியவில்லை.

டிட்ராய்ட் தெருவில் கெல்சென்கிர்ச்சன் ட்ராம் ஓடியது. துரத்திப் போன கார் ஒரே பேக்கரியைத் திரும்பத் திரும்பக் கடந்தது. மேலேயிருந்து மைக் எட்டிப் பார்த்தது. ஆனால் அந்தச் சார்ஜன்ட்டின் நடையில் பொய் இல்லை. நிமிர்ந்து, அவசரமில்லாமல், ஒருவனுக்கும் வழி விடாமல் நடந்தான். அவனுக்கு நடிக்கத் தெரியாது, வசனமும் ஒழுங்காக வரவில்லை. அவன் நடந்தபோதெல்லாம் நான் வாயைப் பிளந்து பார்த்துக்கொண்டிருந்தேன்.

பிறகு எங்கள் ஆட்கள் வந்தார்கள். எல்லோருக்கும் மீசை, எல்லோருக்கும் கறுப்புக் கண்ணாடி. அம்மா என் கையைப் பிடித்தார்.

"அந்தா, அப்பா."

நீளமான பழுப்புக் கோட்டுப் போட்டவர். கலியாணம் பேச ஊருக்கு அனுப்பிய புகைப்படத்தில் அப்பா போட்டிருந்த அதே கோட்டு. நான் மூச்சை அடக்கிக்கொண்டு பார்த்தேன். அவர் ரெண்டு அடி வைத்தார், மோசஸ் சுட்டான், விழுந்தார். அவ்வளவுதானா என்று எனக்கு அழுகை முட்டியது.

கொஞ்ச நேரத்தில் அம்மா மறுபடியும் கையைப் பிடித்தார். "அந்தா நிக்கிறார்."

"அம்மா, அவரை இப்பத்தானே சுட்டது."

"தப்பியிருப்பார்."

அதே கோட்டுத்தான். ஆனால் உள்ளே இருந்தவர் ஒல்லி. அவரையும் மோசஸ் சுட்டான். மூன்றாம் தடவை கோட்டு வந்தபோது அதற்குள் ஒரு கட்டையான மனிதர் இருந்தார். இதில் எந்தச் சாவுக்கு நான் அழவேண்டும்?

தம்பித்துரை மாமா அம்மாவின் பக்கம் குனிந்து ரகசியமாகச் சொன்னார். "ஜெயமலர், அது அகதிக் காம்பின்ரை கோட்டு. எல்லாருமாச் சேர்ந்து வாங்கினது. ஊருக்குப் படம் அனுப்புற ஆக்கள் எல்லாரும் அதைத்தான் போட்டவை. டைரக்டருக்கும் அது பிடிச்சுப் போச்சு."

"அப்ப இவர் எங்கை, அண்ணை?"

"நிக்கிறான், எங்கையோ நிக்கிறான். எனக்கும் பிடிபடேல்லை. என்னையே இன்னும் காணேல்லை."

அம்மா சேலைத் தலைப்பை இழுத்துப் போர்த்திக்கொண்டார். "அப்ப நான் கோட்டைப் பாத்தோ ஓமெண்டனான்" என்றார், யாரிடமும் இல்லாமல்.

கடைசிச் சண்டை ஒரு பழைய தொழிற்சாலையில். மோசஸ் நடந்து வருகிறான். கார் ஒன்றின் திறந்த கதவுக்குப் பின்னால் ஒருவன் ஒளிந்திருக்கிறான். கதவுக்கு மேலே துப்பாக்கி பிடித்த கை மட்டும் தெரிகிறது. உங்கள் பாஷையில் ஏதாவது சொல்லுங்கள் என்று டைரக்டர் சொல்லியிருக்கவேண்டும். கீழே ஜெர்மன் எழுத்துகள் ஓடின: 'மோசஸ், உன் எலும்பைக்கூட உன் தாய் காணமாட்டாள்.' தியேட்டர் அடங்கிப்போய் இருந்தது.

குரல் தமிழில் சொன்னது: "மச்சான், செத்தாப்பிறகு சாப்பாடு தருவினமோ?"

நானும் மாமாவும் வெடித்துச் சிரித்தோம். முன்வரிசையில் இருந்தவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். அம்மா சிரிக்கவில்லை.

"இது அவர்" என்றார்.

மாமாவின் சிரிப்பு நின்றது. "ஓம். ஞானசுந்தரம்தான்."

மோசஸ் சுட்டான். அந்தக் கை கதவுக்குப் பின்னால் இறங்கிப் போனது. முகம் வரும் வரும் என்று பார்த்தேன், வரவில்லை. கமெரா மோசஸோடு போய்விட்டது. கார்க் கதவை எட்டி உதைக்கவேண்டும் போலிருந்தது. இவ்வளவு தூரம் வந்தும் ஒரு கையைத்தானே பார்த்தேன்.

அம்மா மாமாவின் பக்கம் சாய்ந்தார். "குடுத்தவையோ அண்ணை?"

"என்னத்தை?"

"சாப்பாடு."

மாமா யோசித்தார். "ஓம். பாணும் அவிச்ச முட்டையும். அவன் என்ரை முட்டையையும் வாங்கித் திண்டவன்."

"பிறகென்ன" என்று சொல்லி அம்மா கண்ணைத் துடைத்தார்.

மோசஸ் ட்ராம் தண்டவாளத்தோடு தனியே நடந்துகொண்டிருந்தான். என் காதில் அந்தக் குரல்தான் இருந்தது. மெல்லிய, பிஞ்சுக் குரல். புகைப்படங்களில் அப்பா எப்போதும் பெரிய மனிதர். இது ஒரு பொடியன், என்னைவிட எத்தனையோ வயது சின்னவன், பசியோடு காருக்குப் பின்னால் குந்தியிருக்கிறான். முதலில் சாப்பிடு அப்பு, சாவதைப் பிறகு பார்க்கலாம் என்று அவனிடம் சொல்லவேண்டும் போலிருந்தது.