ஆள் நின்ற இடம்

விடியும்போதே சாந்துக்குழியில் ஆவி பறந்தது. சுண்ணாம்பு வேகிற வாடை மூக்கை அரித்தது. குழியை ஒட்டிப் பதினோரு பேர் வரிசையாக நின்று, சாந்துச் சட்டிகளைக் கை மாற்றிக்கொண்டிருந்தார்கள். அவர்களுடைய முதுகுக்குப் பின்னால், கை நீட்டினால் தொடும் தூரத்தில், பிளவு.

அது மண்ணில் விழுந்த வெடிப்பு அல்ல. உலகத்திலேயே விழுந்த கிழிசல். இற்றுப்போன துணி மாதிரி நாற்பதடி நீளத்துக்குக் காற்றில் வாய் பிளந்து கிடந்தது. உள்ளே இருட்டும் இல்லை, வெளிச்சமும் இல்லை. உற்றுப் பார்த்தால் கண் வழுக்கும். ராத்திரி பூராவும் அது சாந்தைத் தின்னும். காலையில் மறுபடி அப்ப வேண்டும். தன் பங்கு ஓரம் இளகியிருந்தால் சட்டியை வைத்துக்கொண்டு பூசுவார்கள், இல்லாவிட்டால் அடுத்த ஆளுக்குத் தள்ளுவார்கள். இரண்டு நாள் சும்மா விட்டால் தெருவையே இழுத்துக்கொள்ளும்.

இடுப்பில் கட்டிக்கொள்ளக் கயிறு கேட்டுப் போன மாதம் முதலாளியிடம் போனார்கள். அவர் சிரித்தார். இத்தனை வருஷத்தில் விழுந்தவன் ஒருத்தனுடைய பெயரைச் சொல்லுங்கள், கயிறு தருகிறேன் என்றார். யாருக்கும் ஒரு பெயரும் வாயில் வரவில்லை. தலையைச் சொறிந்துகொண்டு திரும்பி வந்தார்கள்.

இன்றைக்கு நெட்டச்சிக்குத் தோள்பட்டை கழன்றுவிடும் போல வலித்தது. நேற்றுவரை இல்லாத வலி. அடுத்து நின்ற இருமல்காரருக்குச் சட்டியைக் கொடுக்க ஓர் எட்டு வைத்து, இடுப்பை வளைத்து எக்க வேண்டியிருந்தது. ஒவ்வொரு தடவையும் சுடுசாந்து தளும்பிப் புறங்காலில் கொட்டியது. மனுஷன் வேண்டுமென்றே விளையாடுகிறாரோ என்று சந்தேகப்பட்டாள். தன்னைத் தடுமாற வைத்து, மேஸ்திரியிடம் கோள் சொல்லி, அவருடைய மருமகளை இந்த இடத்தில் நிறுத்தப் பார்க்கிறாரா?

"தள்ளி நிக்காதீங்கண்ணே. எனக்கென்ன கை ரப்பரா?"

"நான் எங்கம்மா தள்ளி நிக்கிறேன்? வந்த நாள்லேருந்து இதே குழியிலதான் கால் வச்சிருக்கேன். நீதான் நகர்ந்துட்டே."

நெட்டச்சி குனிந்து பார்த்தாள். வருஷக்கணக்கில் ஒரே இடத்தில் நின்று நின்று ஆளுக்கொரு ஜோடி காலடிக் குழி அங்கே உண்டு. அவளுடைய கால் அவளுடைய குழியில்தான் இருந்தது. அவருடையது அவருடையதில். இரண்டுக்கும் நடுவில் இன்னொரு ஜோடி. பெரிய பாதம், இடதுகால் கொஞ்சம் வெளியே திரும்பினது. நேற்றுச் சிந்திய சாந்து அதில் இன்னும் முழுசாக இறுகவில்லை.

இருமல்காரருக்கு இருமல் நின்றுபோனது. "இது யாரோடது?" என்றார்.

அந்த நேரம் பார்த்து, தரையில் சுண்ணாம்பால் இழுத்திருந்த வெள்ளைக் கோட்டுக்கு அந்தப் பக்கம் நின்ற மேஸ்திரி கத்தினான். "அந்தப் பள்ளத்தை மூடிட்டு நெருங்கி நில்லுங்க."

முப்பதடி தள்ளி நிற்கிறவனுக்கு இங்கே பள்ளம் இருப்பது எப்படித் தெரிந்தது?

நெட்டச்சி அந்தக் கோட்டைப் பார்த்தாள். மேஸ்திரி அதைத் தாண்டினதே இல்லை, முதலாளியும் தாண்டினதில்லை. செருப்பு அழுக்காகிவிடும் என்று அவர்களுக்குப் பயம் என்று கேலி பேசியிருக்கிறார்கள். வேலைக்காரர்களின் கொட்டகை மட்டும் கோட்டுக்கு உள்ளே, வாடகையே இல்லாமல். தாராள மனசு என்று கும்பிட்டிருக்கிறார்கள்.

வெயில் ஏறி முதலாளியின் வண்டி வந்ததும் சட்டியை இறக்கிவிட்டுக் கோட்டோரம் போய் நின்றாள். மனசுக்குள் ஒரு பொய்யைத் தயாராக வைத்திருந்தாள்.

"ஐயா, எனக்கும் இருமல்காரருக்கும் நடுவுல நின்ன ஆளோட பொண்டாட்டி வந்திருக்கா. விடிஞ்சதிலேருந்து கொட்டகை வாசல்ல உக்காந்து அழுவுறா. என்ன சொல்லி அனுப்பட்டும்?"

முதலாளி எரிச்சலோடு மேஸ்திரி பக்கம் திரும்பினார். "என்னய்யா இது? இவ தம்பிக்கு எப்பய்யா கல்யாணம் ஆச்சு?"

மேஸ்திரி கண்ணை மூடிக்கொண்டான்.

வரிசையில் சட்டிகள் அப்படியே நின்றன. நெட்டச்சி தனக்குள்ளே தேடிப் பார்த்தாள். முகம் இல்லை. குரல் இல்லை. கூடப் பிறந்த ஒருத்தன் இருந்த இடத்தில் வழித்து எடுத்த மாதிரி ஒன்றுமே இல்லை. கண்ணீர்கூட யாருக்கென்று தெரியாமல் நின்றுவிட்டது.

"எனக்குத் தம்பி இருந்தானா?" என்றாள்.

ஏதோ வாய்தவறி வந்துவிட்டது என்று முதலாளி மழுப்பினார். வெயிலில் எல்லோருக்கும் மூளை கலங்கிப்போயிருக்கிறது, போய் வேலையைப் பாருங்கள் என்றார். அதற்குள் இருமல்காரர் வந்து அவள் பக்கத்தில் நின்றார். பின்னாலேயே மற்ற ஒன்பது பேரும்.

"பிளவுல விழுந்தவனை, அதுக்குப் பக்கத்துல இருக்கிறவங்கதான் மறந்துபோறோம்," என்றார் இருமல்காரர், ஒவ்வொரு வார்த்தையாக. "கோட்டுக்கு அந்தாண்ட நின்னா மறக்காது. அதான் எங்களை ராத்திரிகூட உள்ளயே படுக்க வச்சீங்க."

முதலாளியின் குரல் மாறியது. "சட்டியைக் கீழ வச்சா அது பெருசாகும். முதல்ல போறது உங்க கொட்டகைதான்."

"அடுத்தது இதே தெருவுல இருக்கிற உங்க சரக்குக் கிடங்கு," என்றாள் நெட்டச்சி. "எங்களுக்கு மூட்டை கட்ட ஒரு நாழி போதும். உங்களுக்கு?"

பின்னால் பழைய சாந்து பாளமாகப் பெயர்ந்து பிளவுக்குள் விழுந்தது. விழுந்த சத்தமே கேட்கவில்லை. யாரும் திரும்பிப் பார்க்கவில்லை. நெட்டச்சி காலைத் தூக்கிக் கோட்டைத் தாண்டி வைத்தாள். பத்துப் பேரும் தாண்டினார்கள். மேஸ்திரி தானாகவே ஒதுங்கி வழி விட்டான்.

"அவன் பேரைச் சொல்லுங்க. அவனுக்கு முன்னால போனவங்க பேரையும். அப்புறம் கயிறு. அதுக்கப்புறந்தான் சட்டி."

பதினோரு பேரும் அங்கேயே உட்கார்ந்துவிட்டார்கள். மதிய முறைக்குச் சாந்து பூசுகிற இன்னொரு வரிசை ஆட்கள் வருகிற நேரம். முதலாளி அவர்களைப் பார்த்ததும் தெம்பாகி, சட்டியை எடுக்கச் சொன்னார். முன்னால் வந்த தடித்த பெண் சட்டிக்குக் கை நீட்டினவள், கோட்டுக்கு வெளியே உட்கார்ந்திருந்தவர்களைப் பார்த்து நின்றாள். நெட்டச்சி நடந்ததைச் சொன்னாள். நாலே வாக்கியம்.

அந்தப் பெண் நீட்டின கையை மடக்கிக்கொண்டாள். பிறகு முதலாளியிடம் கேட்டாள்:

"எங்க வரிசையில கை எட்டாத இடம் ரெண்டு இருக்கு. அது யாரு யாரு?"

அவள் தன் ஆட்களில் இரண்டு பேரைக் கொட்டகைக்கு அனுப்பி, பிள்ளைகளைக் கோட்டுக்கு வெளியே தூக்கி வரச் சொன்னாள். பிறகு நெட்டச்சிக்குப் பக்கத்தில், தோளோடு தோள் இடிக்க, உட்கார்ந்தாள்.