திருத்தம் ஒன்றும் இல்லை

பெட்டி வாசலில் சிக்கிக்கொண்டது. கால்மாட்டைச் சரித்து, நிலையில் ஒருமுறை இடித்து, இரண்டாம் தரம்தான் வெளியே எடுத்தார்கள். "மெதுவா, மெதுவா" என்று கத்தினான் சதீசன். இனி என்ன மெதுவாக என்று நினைத்தாள் அவனுடைய அக்கா கம்சாயினி. பறைமேளம் கேற்றடியில் உரத்து ஒரு சுற்று அடித்துவிட்டு றோட்டில் ஏறியது. பெண்கள் கேற்றோடு நின்றுவிட்டார்கள். மயானம் ஆண்கள் பாடு.

அவர்களுடைய அப்பா நல்லரத்தினம் தொலைபேசிக் கம்பி இழுக்கும் வேலையிலிருந்து ஓய்வு பெற்றவர். பெரியகல்லாற்றில் அவரை அப்படித்தான் தெரியும். ஊருக்கு வெளியே நாலாயிரம் பேருக்கு அவர் 'வாவி மடல்'. கணினி, கைப்பேசி, இன்டர்நெட் பற்றித் தமிழில் புதன்கிழமை தோறும் மின்னஞ்சலில் போகும் மடல். இருபது வருசத்துக்கு முன், மட்டக்களப்பு நெட் கஃபே ஒன்றிலிருந்து பதினொரு பேருக்கு அனுப்பித் தொடங்கியது. சண்டை நாளில் கரண்ட் இல்லாமல் எட்டுக் கிழமை நின்றது. வேறு எதற்கும் நிற்கவில்லை. முதல் பத்தி எப்போதும் பிழை திருத்தம். போன முறை எதைப் பிழையாகச் சொன்னாரோ அதைச் சொல்லி, 'தவறு என்னுடையது' என்று முடிப்பார். பிழை இல்லாவிட்டால் 'திருத்தம் ஒன்றும் இல்லை' என்று போடுவார். சனம் அதைத்தான் முதலில் வாசித்தது.

பாரிசவாதத்தில் வலது கை விழுந்த பிறகு, ஆறு மாதமாக அவர் சொல்லச் சொல்ல கம்சாயினிதான் தட்டினாள். நாலு கிழமைக்கு முந்திய மடல், படங்களால் போன் நிரம்பினால் என்ன செய்வது என்பது. படங்கள் இணையக் கணக்கில் ஏறிவிட்டனவா பார். கணக்குக்கும் போனுக்கும் இடையே உள்ள தொடர்பை நிறுத்து. பிறகு போனில் அழி. ஆஸ்பத்திரி வராந்தாவில் குந்தியிருந்து தட்டியவள் நடு வரியை விட்டுவிட்டாள். தொடர்பை நிறுத்தாமல் அழித்தால் இரண்டு இடத்திலும் அழியும். முப்பது நாள் குப்பைத்தொட்டியில் கிடக்கும். அதற்குப் பிறகு எவராலும் எடுக்க முடியாது.

ஞாயிற்றுக்கிழமை மருதமுனையிலிருந்து ஹஸீனா என்ற வாசகியின் மெயில் வந்தது. மடலில் சொன்னபடி செய்தாளாம். மௌத்தாகி அடக்கமான மகனின் படம் ஒன்றும் மிஞ்சவில்லையாம். கம்சாயினி வாசித்துவிட்டு மூடினாள். செவ்வாய்க்கிழமை கட்டிலில் கிடந்தபடி அப்பா கேட்டார்.

"இந்தக் கிழமைக்குத் திருத்தம் என்ன மகள்?"

"ஒண்டும் இல்லப்பா."

"வடிவாப் பாத்தயா?"

"பாத்தன்."

அவர் சுவர்ப் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டார். புதன் விடியப் போய்விட்டார். அந்தப் புதன் மடல் போகவில்லை. இன்று வியாழன்.

"என்ன கா புள்ள, மரம் மாதிரி நிக்கிறாய்? வீடு கழுவ வேணும், வா!" பத்தினிப்பிள்ளை மாமி வாளியோடு நின்று கத்தினாள். அம்மா இல்லாத வீட்டில் அதிகாரம் அவளுக்கு.

கறுப்பு அபாயா போட்ட பெண் ஒருத்தி மட்டும் போகாமல் கேற்றடியில் நின்றாள்.

"சேர்ட மகளா?"

"ஓம்."

"நான் ஹஸீனா, மருதமுனை. சேருக்கு மெயில் போட்டனான்."

ஏசத்தான் வந்திருக்கிறாள் என்று நினைத்தாள் கம்சாயினி. ஏசட்டும்.

"படமெல்லாம் வந்திட்டு புள்ள. சேர் சொன்ன மாதிரித்தான் எடுத்தன். அத நேர்ல சொல்லுவம் எண்டு வந்தா, கேற்றில வெள்ளக்கொடி."

"அப்பா எப்ப சொன்னவர்?"

"திங்கக்கிழம. ரெண்டு வரிதான். குப்பத்தொட்டியப் பாருங்க, தவறு என்னுடையது எண்டு. பாவம், எழுத்தெல்லாம் பிழ. 'தவரு' எண்டு கிடந்திச்சு."

இடது கையால் தட்டியிருக்கிறார். திங்கட்கிழமை தட்டியிருக்கிறார். அவளிடம் கேட்டது செவ்வாய்க்கிழமை.

கம்சாயினி உள்ளே போனாள். அடுக்கியிருந்த பாய்களுக்குப் பின்னால் லெப்டொப் கிடந்தது.

"மாமி, பத்து நிமிசம்."

"சவம் போய் இன்னும் சந்தி தாண்டல்ல, கொம்பியூட்டரோ உனக்கு? அப்பன்ட குணம் அப்பிடியே இருக்கு."

அந்த மடல் போய் நாளை முப்பதாம் நாள். விட்டுப்போன வரியை எழுதினாள். குப்பைத்தொட்டி எங்கே இருக்கும், எப்படி மீட்பது, நாளைக்குள் ஏன் செய்ய வேண்டும் என்று எழுதினாள். 'தவறு என்னுடையது.' அதற்குக் கீழே 'ந.' என்ற எழுத்து தானாகவே வந்து நின்றது. அவர்தான் அப்படி அமைத்து வைத்திருந்தார். அதை அழித்துவிட்டுத் தன் பெயரை முழுதாகப் போட்டாள். அதன் கீழே இரண்டாம் பத்தியாக, நல்லரத்தினம் புதன்கிழமை காலமானார் என்று ஒரு வரி. அனுப்பினாள்.

கூடத்தில் தண்ணீர் ஊற்றத் தொடங்கியிருந்தார்கள். ஊதுபத்திச் சாம்பலும் மிதிபட்ட பூவும் மஞ்சள் தண்ணீரில் வாசல் பக்கம் ஓடின. கம்சாயினி தும்புத்தடியை எடுத்தபோது போன் அதிர்ந்தது. முதல் பதில். யாரோ ஒரு வாசகர், முதல் பத்தியோடு நிறுத்திவிட்டவர்.

'நல்ல காலம் தங்கச்சி, படங்கள் கிடைத்தன. ஆனால் இனிமேல் சேரையே எழுதச் சொல்லுங்கள். அவர் பிழை விடுகிற ஆள் இல்லை.'

போனை யன்னலில் வைத்தாள்.

"ஊத்துங்க மாமி" என்றாள்.

வாசல்வரை தேய்த்துக்கொண்டு போனாள். பெட்டி இடித்த இடத்தில், நிலையில் பெயின்ற் பெயர்ந்து மரம் வெள்ளையாகத் தெரிந்தது. அந்த இடத்தையும் தேய்த்தாள். இரண்டு மூன்று தரம் தேய்த்த பிறகுதான் அது அழுக்கில்லை என்று விட்டாள்.