எழுந்து வராத லாசர்

எங்கள் மயானம் போர்முனைக்கு இரண்டு மைல் பின்னால் இருக்க வேண்டும் என்பது உத்தரவு. போர்முனை பின்வாங்கும்போதெல்லாம் இறந்தவர்கள் எழுந்து, அவரவர் பெயர்க்கல்லைத் தோளில் வைத்துக்கொண்டு வரிசையாக நடப்பார்கள். புதிய இடத்தில் நான் குழியைக் காட்டுவேன், படுத்துக்கொள்வார்கள். ஒரே வருடத்தில் ஏழு தடவை நடந்துவிட்டோம். நான் மயானத்தின் ஹவில்தார், பெயர் சூசைமாணிக்கம்.

தொல்லை ஒன்றுதான். புதைக்கும் முன் பூட்ஸைக் கழற்றி உயிரோடிருப்பவர்களுக்குக் கொடுத்துவிடுவது எங்கள் பிரிவின் வழக்கம். அதனால் எல்லோரும் மலைப்பாதையில் வெறுங்காலோடுதான் நடந்தார்கள்.

எட்டாவது உத்தரவு வந்த காலையில், நான்காம் வரிசையிலிருந்த என் தம்பி லாசர் எழவில்லை.

"கால் ரெண்டும் புண்ணாயிருச்சுண்ணே. நான் இனி வரல."

"வரலேன்னா ஓடிப்போனவன்னு எழுதிருவாங்கடா. கல்லை உடைச்சிருவாங்க."

"உடைச்சிட்டுப் போகட்டும்."

அவன் பூட்ஸ் என் காலில் இருந்தது. வெட்கமாகப் போய்விட்டது. கழற்றி அவனுக்கு மாட்டிப் பார்த்தேன். வீங்கிய காலில் ஏறவில்லை. தூக்கிக்கொண்டு போகலாமென்றால், தானாக நடந்து வருபவனுக்குத்தான் குழி. என் தம்பியை ஓடிப்போனவன் என்று எவனும் எழுதக் கூடாது. போர்முனை நகராவிட்டால் மயானமும் நகர வேண்டியதில்லை. நேராக முன்வரிசைக்குப் போனேன். கேப்டன் தங்கவடிவேல் கூடாரத்தைச் சுருட்டிக்கொண்டிருந்தார்.

"பின்வாங்க வேண்டாம் சார். என் தம்பியால நடக்க முடியல."

"ஆள் இல்லையேப்பா. மிச்சம் நாப்பது பேருதான்."

"எங்கிட்ட முந்நூத்திப் பன்னெண்டு பேர் இருக்காங்க சார். தம்பியைச் சேர்க்காம."

அவர் சுருட்டியதைப் பிரிக்க ஆரம்பித்தார்.

இறந்தவர்கள் பதுங்குகுழிகளில் இறங்கி நின்றார்கள். உயிரோடிருந்த நாற்பது பேரையும் பின்னால் சமையலுக்கு அனுப்பினோம். எதிரிகள் பதினாறு நாள் விடாமல் சுட்டார்கள். எங்கள் தரப்பில் புதிதாக யாரும் சாகவில்லை. நானும் அங்கேயே நின்றேன், ஓரடிகூட விட்டுக்கொடுக்கவில்லை. பதினேழாம் நாள் அவர்களும் சுடுவதை நிறுத்திவிட்டு உட்கார்ந்துகொண்டார்கள். லாசர் இரண்டு மைல் பின்னால் நிம்மதியாகத் தூங்கினான்.

ஆறு மாதம் கழித்து மேலிடத்திலிருந்து கடிதம் வந்தது. இத்தனை நாள் அசையாமல் கிடப்பதால் அந்தப் போர்முனை இறந்துவிட்டதாகக் கருதப்படுகிறது, உரிய மரியாதையோடு அடக்கம் செய்யவும் என்று எழுதியிருந்தார்கள்.

அளந்து பார்த்தோம். பதினோரு மைல் நீளம். மயானத்துக்குத் திரும்பி வந்து, குழி வெட்ட யார் வருகிறீர்கள் என்று கேட்டேன். முதலில் எழுந்தவன் லாசர்.

"கால் ஆறிருச்சுண்ணே," என்றான்.

கிழக்குக் கோடியிலிருந்து வெட்டிக்கொண்டு வரச் சொன்னேன்.