சிறகு ஒடிந்துவிடும்

புன்னக்காயல் கரையில் காலையிலிருந்து நான் நன்மையாக நின்றுகொண்டிருக்கிறேன். வெள்ளை அங்கி, முதுகை அறுக்கும் தெர்மகோல் சிறகு. தீமையாக நடிக்கும் சுஜினுக்கு ஒரு கறுப்புக் கைலியும் அட்டைக் கொம்பும்தான். நிழலில் உட்கார்ந்து கடலை கொறிக்கிறான்.

"அப்ரார், நன்மைன்னா அசையாம நிக்கணும்" என்றாள் குறும்படம் எடுக்கும் ஜாய்சி. இது பரிசோதனைப் படமாம். சோதனை முழுவதும் எனக்குத்தான்.

அப்போது ஒரு வள்ளம் கரைக்கு வந்தது. இங்கே வள்ளத்தை மேலே இழுக்கும்போது கரையில் நிற்பவர் யாராக இருந்தாலும் கைகொடுக்க வேண்டும். கொடுத்தவருக்கு ஒரு கை மீன் உண்டு.

"ஏலே வெள்ளச்சட்ட, வந்து பிடிலே!" என்று வள்ளக்காரர் அருளப்பன் கத்தினார்.

"றெக்க ஒடிஞ்சிரும் அண்ணாச்சி."

சுஜின் கொம்போடு ஓடிப்போய்த் தோள் கொடுத்தான். வள்ளம் மேலேறியதும் அருளப்பன் அவன் கைநிறையச் சாளை மீனை அள்ளிப் போட்டார். என்னைப் பார்த்து, "நீரு அங்கனயே நில்லும் வே" என்றார்.

ஜாய்சி எல்லாவற்றையும் படம் பிடித்துவிட்டாள். அவளுக்கு ஒரே சந்தோஷம்.

அடுத்த காட்சியில் நான் சுஜினை மன்னிக்க வேண்டுமாம்.